பட்டைக் கிடங்கில் பதினோரு நிமிடம்

முன்னூறு வருஷத்துக்கு முந்தைய ஐரோப்பிய இசையை, அது எழுதப்பட்ட காலத்து வாத்தியங்களில், அந்தக் காலத்து முறைப்படியே வாசிக்கிறவர்களைப் படமெடுக்கும் வேலையில் நான் இருந்தேன் என்று சொன்னால், கேட்கிறவர்கள் முதலில் என் முகத்தைப் பார்ப்பார்கள். பிறகு எந்த நாட்டில் என்று கேட்பார்கள். ஆம்பூரில் என்று சொன்னதும் பேச்சை மாற்றிவிடுவார்கள்.

எழுபதுகளின் கடைசியில் நான் ஆம்பூரில் தோல் பதனிடும் ஒரு டேனரியின் ஏற்றுமதிப் பிரிவில் டைப்பிஸ்ட்டாக இருந்தேன். வீடு குடியாத்தத்தில். காலையில் ரயிலேறிப் போய் சாயங்காலம் ரயிலேறித் திரும்புவேன். எங்கள் வீட்டில் லுங்கித் தறி நான்கு ஓடியது, நான்கும் பவர்லூம். அந்த இரைச்சலில் வளர்ந்ததால் நான் சாதாரணமாகப் பேசினாலே கூப்பாடு போடுவதுபோல இருக்கும். வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம் எங்கள் மேஸ்திரி காதைப் பொத்திக்கொண்டு, "இன்னாம்மா, இங்க யாரும் செவுடு இல்ல. கொஞ்சம் கம்மியா பேசு" என்றார். அப்படிப்பட்ட என்னிடம்தான் அமைதிக்கு ஏற்பாடு செய்யும் வேலை வந்து சேர்ந்தது.

தோலுக்குச் சாயம் ஏற்றும் முறையைச் சொல்லித்தர ஜெர்மனியிலிருந்து ஒரு நிபுணர் வந்து எங்கள் டேனரியில் இரண்டு வருஷம் தங்கியிருந்தார். உயரமானவர், அதிகம் பேசமாட்டார். அவருடைய கடிதங்களை நான்தான் டைப் அடிப்பேன். அவருடைய தங்கை வயலின் வாசிப்பவர். தங்கையின் கணவர் கேமராக்காரர், பழைய இசையைப் படமெடுப்பதையே தொழிலாக வைத்திருந்தவர். தங்கையின் குழு ஐந்து பேராக மெட்ராஸில் ஒரு கச்சேரியும் பெங்களூரில் ஒரு கச்சேரியும் வாசிக்க வந்தார்கள். இரண்டுக்கும் நடுவே ஒரு வாரம் இடைவெளி இருந்தது. பெங்களூர் போகும் ரோட்டிலேயே ஆம்பூர் இருப்பதால், அண்ணனைப் பார்க்க வந்து தங்கினார்கள். பொங்கல் முடிந்த வாரம் அது.

எங்கள் டேனரியின் பின்பக்கம் ஒரு பெரிய கிடங்கு இருந்தது. தோல் பதனிடுவதற்கான ஆவாரம்பட்டையும் கடுக்காயும் மூட்டை மூட்டையாக அடுக்கி வைத்திருக்கும் கிடங்கு. கருங்கல் சுவர், உயரமான ஓட்டுக் கூரை, கூரையில் வரிசையாகக் கண்ணாடி ஓடுகள். சுற்றிக் காட்ட அண்ணன் அவர்களை அங்கே அழைத்துப் போனார். தங்கை உள்ளே நுழைந்ததும் ஒரு முறை கையைத் தட்டினார். சத்தம் சுவர்மேல் மோதி மெதுவாகத் திரும்பி வந்தது. இன்னொரு முறை தட்டினார். பிறகு கணவரைத் திரும்பிப் பார்த்தார். அவர் கூரையையும் கண்ணாடி ஓட்டின் வழியாக விழுந்த வெயிலையும் பார்த்துக்கொண்டிருந்தார். இங்கேயே ஒரு படம் எடுத்துவிடுவது என்று அந்த இடத்திலேயே முடிவாகிவிட்டது.

முதலாளி சம்மதித்தார். ஊர்க்காரர்களிடம் பேசவும் தேவையானதை வாங்கி வரவும் தமிழும் இங்கிலீஷும் தெரிந்த ஆள் வேண்டும் என்று அண்ணன் கேட்டபோது, "அந்தப் பொண்ண வெச்சிக்கங்க, குரல் நல்லா எடுக்கும்" என்று என்னை அனுப்பினார்.

முதல் நாள் முழுக்க மூட்டை தூக்கியே போனது. அந்தக் குழுவில் ஹார்ப்சிகார்ட் என்ற வாத்தியம் வாசிக்கும் அம்மா ஒருவர் இருந்தார். நரைத்த முடி, கையில்லாத பருத்திச் சட்டை. பார்வைக்கு அந்த வாத்தியம் பியானோ மாதிரி இருக்கும். ஆனால் கம்பியைச் சுத்தியல் தட்டாது. கட்டையை அழுத்தினால் உள்ளே ஒரு சின்ன இறகுத்தண்டு எழும்பி வந்து கம்பியை மீட்டும். அவர் வாசித்துக்கொண்டே, "அந்த மூலையில் இருப்பதை இந்தப் பக்கம் வைக்கலாமா?" என்று கேட்பார். நான் கூவுவேன். ஆட்கள் பட்டை மூட்டைகளைத் தூக்கி இந்தப் பக்கம் வைப்பார்கள். எதிரொலி கொஞ்சம் குறையும். "இப்போது அதிகமாகக் குறைந்துவிட்டது" என்பார். திரும்பவும் நாலு மூட்டை அந்தப் பக்கம் போகும். மேஸ்திரி என்னிடம் வந்து, "சாமானு எடம் மாறுனா பாட்டு மாறுமா?" என்று கேட்டார். மாறும் போலிருக்கிறது என்றேன். சாயங்காலத்துக்குள் அவரே, "அந்த மூணு மூட்டைய எடுங்கடா, கணகணங்குது" என்று சொல்ல ஆரம்பித்துவிட்டார்.

உண்மையைச் சொல்கிறேன், முதலில் எனக்கு அந்த இசை பிடிக்கவில்லை. கோயிலில் கேட்ட நாகஸ்வரமும் ரேடியோவில் கேட்ட சினிமாப் பாட்டும்தான் எனக்குச் சங்கீதம். இவர்களுடைய வயலின், ஜுரத்தில் படுத்து எழுந்தவர் பேசுவதுபோல மெலிந்து ஒலித்தது. இடைவேளையில் தங்கை, அதாவது எங்கள் வாயில் வயலின்காரம்மா, தன் வாத்தியத்தை என் மடியில் வைத்துக் காட்டினார். தந்தி உலோகம் இல்லை, ஆட்டுக்குடலை முறுக்கிச் செய்தது. வில் குட்டையாக, வெளிப்பக்கம் வளைந்து இருந்தது. நம்மூரில் இத்தனை கட்டைச் சுருதி என்று சொல்கிறோமே, அதில் இப்போது வழக்கத்தில் இருப்பதைவிட அரைக்கட்டை இறக்கி வைத்திருந்தார்கள். "எழுதியவர் காதில் இது எப்படி விழுந்ததோ, அதற்குக் கொஞ்சம் பக்கத்திலாவது போகப் பார்க்கிறோம்" என்றார். ஆட்டுக்குடல் என்றதும் எனக்கு அந்த வாத்தியத்தின்மேல் திடீரென்று உறவு வந்துவிட்டது. ஆடுகள் விஷயத்தில் எங்கள் ஊருக்குத் தெரியாதது ஒன்றுமில்லை.

இரண்டாம் நாள் படமெடுக்க உட்கார்ந்தார்கள். எடுக்க வேண்டிய முக்கியமான பாட்டு இரண்டு வயலினுக்காக எழுதப்பட்டது. மொத்தம் பத்து நிமிடத்துக்கு மேல் வரும். கேமராவில் ஒரு சுருள் ஓடுவது பதினோரு நிமிடம். நடுவில் வெட்டாமல் ஒரே மூச்சில் எடுக்க வேண்டும் என்பதில் கேமராக்காரர் பிடிவாதமாக இருந்தார். வாசிக்கிறவர்கள் எங்கே மூச்சு வாங்குகிறார்கள், வில்லை எங்கே தூக்குகிறார்கள் என்பதெல்லாம் தெரிந்தால்தான் இந்த இசை புரியும் என்பார். பெரிய விளக்குகள் வேண்டாம் என்றும் சொல்லிவிட்டார். விளக்கு என்றால் ஜெனரேட்டர் வேண்டும், ஜெனரேட்டர் என்றால் சத்தம். போதாததற்கு விளக்குச் சூட்டில் குடல் தந்தி சுருதி கலையும். அதனால் கண்ணாடி ஓட்டு வெளிச்சம்தான். அது சரியாக விழுவது காலை ஒன்பதரையிலிருந்து பதினொன்றுக்குள்.

அன்று முதல் தடவை ஆரம்பித்ததும் கூட்ஸ் வண்டி போனது. இரண்டாம் தடவை எங்கள் டேனரியின் பெரிய மர டிரம்கள் உருண்டன. ஒரு ஆள் உயரத்துக்கு மேல் இருக்கும் அந்த டிரம்களுக்குள் தோலும் மருந்துத் தண்ணீரும் புரளும் சத்தம் தரையிலேயே அதிரும். மூன்றாவது தடவை தெருமுனை டீக்கடை ரேடியோ. நான்காவது தடவை காக்கைகள். தோலிலிருந்து சுரண்டிப் போடும் சவ்வுக்காகக் காக்கைகள் எங்கள் கூரைமேல்தான் குடியிருந்தன. கேமராக்காரர் தலையில் கை வைத்துக்கொண்டு என்னிடம் கேட்டார்:

"இந்த ஊரில் சத்தமில்லாத நேரம் எது?"

"அப்படி ஒரு நேரம் இல்லை சார்."

"பதினோரு நிமிடம் போதும். உன்னால் ஏற்பாடு செய்ய முடியுமா?"

முடியும் என்று எப்படிச் சொன்னேன் என்று எனக்கே தெரியாது.

அன்று மத்தியானமே கிளம்பினேன். முதலில் ரயில்வே ஸ்டேஷன். ஸ்டேஷன் மாஸ்டர் நான் சொன்னதை இரண்டு தடவை கேட்டுவிட்டு, "வண்டிய நிறுத்தச் சொல்லலியே?" என்றார். இல்லை சார், எப்போது வண்டி இருக்காது என்று தெரிந்தால் போதும் என்றேன். பெரிய நோட்டைப் புரட்டி, பத்து மணிக்கு மேல் இருபது நிமிடம் எதுவும் வராது என்றார். "கூட்ஸ் பத்தி மட்டும் நான் பொறுப்பில்லமா. அது எப்ப வரும்னு எனக்கே தெரியாது."

அடுத்தது டீக்கடை. கடைக்காரர் ரேடியோமேல் கையை வைத்துக்கொண்டே கேட்டார். "பாட்டு எடுக்கறதுக்குப் பாட்ட நிறுத்தணுமா?" ஆமாம் என்றேன். சிரித்துவிட்டார். "சரி போ. பத்து மணிக்கு டீ குடிக்கறவனையும் சத்தமில்லாம ஊதிக் குடிக்கச் சொல்றேன்."

கிடங்கை ஒட்டி ஒரு மதரஸா இருந்தது. பிள்ளைகள் சேர்ந்து ராகம் போட்டு ஓதுவது நன்றாகவே கேட்கும். அங்கே ஓதிக்கொடுக்கும் ஹஜ்ரத் வாசல்வரை வந்து நின்று பொறுமையாகக் கேட்டார். "பத்து மணிக்கு அவங்களுக்கு எழுத்து வேல குடுத்துடறேன். எழுதும்போது சத்தம் வராது" என்றார்.

டிரம் பற்றி மேஸ்திரியிடம் சொன்னேன். "அதுக்கென்ன, பதினோரு நிமிஷத்துல தோலுக்கு ஒண்ணும் ஆவாது. காக்காவ யாரு நிறுத்துறது?" என்று கேட்டவர், கொஞ்ச நேரம் கழித்து அவரே வழி சொன்னார். கிடங்குக்கு எதிர்த் திசையில், பாலாற்றுப் பக்கம் உள்ள மைதானத்தில் சவ்வை மொத்தமாகக் கொண்டுபோய்க் கொட்டிவிட்டால் காக்கை அத்தனையும் அங்கே போய்விடும்.

மூன்றாம் நாள் காலை எல்லாம் தயாராக இருந்தும் வேறு தொல்லை வந்தது. ஹார்ப்சிகார்டுக்குள் கம்பியை மீட்டும் இறகுத்தண்டுகளில் சில, காற்றின் உலர்ச்சியில் பிளந்துவிட்டன. பிளாஸ்டிக்கில் செய்தது இருக்கிறதாம், ஆனால் இவர்கள் பழைய முறைக்காரர்கள், இறகுதான் வேண்டும் என்றார்கள். எந்தப் பறவையின் இறகு என்று கேட்டேன்.

"காக்கை இருந்தால் மிகவும் நல்லது" என்றார் அந்த நரைத்த முடி அம்மா.

என்னால் சிரிப்பை அடக்க முடியவில்லை. மேஸ்திரியிடம் சொன்னதும் அவர் நெற்றியில் அடித்துக்கொண்டார். "அதத்தான் நேத்து ஆத்துப் பக்கம் தொரத்தி வுட்டோம்!" ஆட்கள் மைதானத்தில் உதிர்ந்து கிடந்த இறகுகளை ஒரு கூடை நிறையப் பொறுக்கி வந்தார்கள். தோலைச் சீவி மெல்லிசாக்குகிறவர் ஒருவர், தன் கத்தியால் அந்தத் தண்டுகளை நகக்கண் அளவுக்கு நறுக்கிக் கொடுத்தார். அந்த அம்மா ஒவ்வொன்றாகப் பொருத்தி, வாசித்துப் பார்த்து, அவரை நிமிர்ந்து பார்த்துக் கைகூப்பினார். அவர் வெட்கப்பட்டுக்கொண்டு கத்தியைப் பின்னால் மறைத்துக்கொண்டார். அன்றைய வெளிச்சம் அதிலேயே போய்விட்டது. திரும்பவும் ஒருமுறை எல்லோரிடமும் போய், நாளைக்குத்தான் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

நான்காம் நாள், பத்து மணிக்கு, அது நடந்தது. டிரம்கள் நின்றன. ரேடியோ நின்றது. ஒரு கூட்ஸும் வரவில்லை. அந்த மெலிந்த இசை கிடங்கு முழுக்க நிறைந்தது. முதல் வயலின் கேட்பதற்கு இரண்டாவது வயலின் பதில் சொல்வதுபோல மாறி மாறிப் போனது. அதை எனக்குப் பிடிக்கும் என்று அன்றுதான் தெரிந்தது. முடிந்ததும் கேமராக்காரர் என்னைப் பார்த்துத் தலையை மட்டும் ஆட்டினார். எடுத்து முடித்த சுருளைக் கறுப்புப் பைக்குள் போட்டு, தகர டப்பாவில் வைத்து, சிவப்பு டேப் ஒட்டி வைப்பது என் வேலை. பையில் போட்டேன், டப்பாவில் வைத்தேன். அதற்குள் மேஸ்திரி வந்து, "முடிஞ்சிதா? டிரம் போடலாமா?" என்று கேட்டார். ஓடினேன். டேப் ஒட்டவில்லை.

மறுநாள் காலை மற்றவர்கள் சுருதி சேர்த்துக்கொண்டிருக்கும்போது, மிச்சமிருந்த இறகுகளைப் போட்டு வைக்க ஒரு டப்பா தேடினேன். காலி டப்பாக்களில் ஆணி, நூல் எல்லாம் போட்டு வைப்பது எங்கள் வழக்கம். டேப் இல்லாத ஒன்றை எடுத்து, வெளியே முற்றத்து வெயிலில் நின்று திறந்தேன். உள்ளே கறுப்புப் பை இருந்தது. பை மட்டும்தான் என்று நினைத்து உதறினேன். பழுப்பு நிற நாடா பந்தாக வெளியே வந்து, கையிலிருந்து நழுவி, அவிழ்ந்து, முற்றம் முழுக்க ஓடியது.

அது என்ன என்று புரிய எனக்கு ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. வெளிச்சம் பட்ட பிலிமில் எதுவும் இருக்காது என்று முதல் நாளே சொல்லியிருந்தார்கள்.

அக்கம்பக்கத்தில் யாருமில்லை. நான் அதைச் சுருட்டினேன். பையில் போட்டேன், டப்பாவில் வைத்தேன், சிவப்பு டேப்பைச் சுற்றிச் சுற்றி ஒட்டினேன். அந்தச் சுருளை அவர்கள் ஊருக்குக் கொண்டுபோய்க் கழுவிப் பார்க்க மாசக்கணக்காகும். வழியில் எங்கேயோ வெளிச்சம் பட்டிருக்கும் என்று நினைத்துக்கொள்வார்கள். என்னை யாரும் கேட்கப்போவதில்லை. சாப்பாட்டு நேரம்வரை நான் அப்படித்தான் இருந்தேன். அந்த இரண்டு மணி நேரத்தை நான் மறைக்க விரும்பவில்லை.

சாப்பிடும்போது வயலின்காரம்மா தட்டோடு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். "இருபது வருஷமாக வாசிக்கிறேன். நேற்றுப் போல ஒரு அமைதிக்குள் நான் வாசித்ததே இல்லை. யாரோ நமக்காகக் காத்திருக்கிறார்கள் என்று உள்ளே இருக்கும்போதே தெரிந்தது. அதை நீதான் எங்களுக்குக் கொடுத்தாய்" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார்.

அவர் திட்டியிருந்தால் சமாளித்திருப்பேன். நன்றி சொன்னதைத்தான் தாங்க முடியவில்லை. கையை இழுத்துக்கொண்டு சொன்னேன்: "அது போய்விட்டது மேடம். நான் திறந்துவிட்டேன்."

கேமராக்காரரைக் கூப்பிட்டார்கள். டேப் ஒட்டாதது, திறந்தது, வெயிலில் அவிழ்ந்தது, திரும்பச் சுருட்டி வைத்து வாயை மூடிக்கொண்டு இருந்தது என்று எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன். அவர் ஒரு மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டார். எழுந்து போய்க் குழாயில் முகம் கழுவினார். திரும்பி வந்து, "டேப் ஒட்டியிருக்கிறதா என்று நானும் பார்த்திருக்க வேண்டும்" என்றார். பிறகு கண்ணாடி ஓட்டைப் பார்த்தார். "இன்னும் ஒரு சுருள்தான் மிச்சம். நாளை மத்தியானம் நாங்கள் கிளம்ப வேண்டும். காலையில் வெளிச்சம் இருக்கும். அமைதி இருக்குமா?"

கேட்டுவிட்டு வருகிறேன் என்றேன். கூட வருகிறேன் என்றார் வயலின்காரம்மாவின் அண்ணன். வேண்டாம் சார் என்று சொல்லிவிட்டுத் தனியாகப் போனேன்.

முதல் தடவை கேட்கப் போனபோது எனக்கு ஒரு பெருமை இருந்தது. இந்தத் தடவை என் தப்பைத்தான் எடுத்துக்கொண்டு போனேன். டீக்கடைக்காரரிடம், "என்னால கெட்டுப்போச்சுங்க. நாளைக்குத் திரும்பவும் எடுக்கணும்" என்றேன்.

"நேத்து எடுத்தது பூரா போச்சா?"

"பூரா போச்சு."

"அய்யய்யே." டீ ஆற்றிக்கொண்டிருந்தவர் நிறுத்திவிட்டார். "நேத்து நாங்க அவ்ளோ அமைதியா இருந்தமே! சரி, வுடுமா. நாளைக்கி இன்னும் ஜாஸ்தியா இருந்துடறோம்." நான் கேட்காமலே ஒரு டீயை என் முன்னால் வைத்தார்.

ஹஜ்ரத் ஒன்றும் கேட்கவில்லை. "பிள்ளைங்களுக்கு எழுத்து நல்லா வருது. நாளைக்கும் எழுதட்டும்" என்றார். மேஸ்திரி என் முகத்தைப் பார்த்துவிட்டு, "இதுக்கா இவ்ளோ பேஜாரு? நான் சேந்த புதுசுல ஒரு டிரம் தோலயே கெடுத்தவன். போய்ச் சாப்புடு மொதல்ல" என்றார். ஸ்டேஷன் மாஸ்டர் நோட்டைப் புரட்டி, நாளைக்கு ஒரு வண்டி தாமதமாக வருகிறது, பத்து மணி வேண்டாம், பத்தரை வைத்துக்கொள் என்று நேரத்தை மாற்றிச் சொன்னார். அந்த மாற்றத்தைச் சொல்ல மூன்று இடத்துக்கும் இன்னொரு நடை போனேன். ஒருவரும் முகம் சுளிக்கவில்லை.

மறுநாள் பத்தரைக்கு வாசிக்கத் தொடங்கினார்கள். நான் உள்ளே கதவோரம் நின்றிருந்தேன். இரண்டாவது வாசிப்பு முதலாவதைவிட நன்றாக இருந்ததா என்று என்னால் சொல்ல முடியாது. ஒன்று மட்டும் கவனித்தேன். நடுவில் வயலின்காரம்மா ஒரு இடத்தில் வில்லைத் தூக்கிவிட்டு, முந்தைய தடவையைவிடக் கொஞ்சம் அதிக நேரம் காத்திருந்து, பிறகு வைத்தார். பயமில்லாமல் காத்திருந்தார். கடைசிச் சுரம் அடங்கிய பிறகும் கேமராக்காரர் நிறுத்தவில்லை. யாரும் அசையவில்லை. சுருள் தீர்ந்து தானாக நிற்கும்வரை அப்படியே இருந்தோம்.

முடிந்ததும் சொல்வதற்காகக் கதவைத் திறந்துகொண்டு தெருவுக்குப் போனேன். போனவள் அப்படியே நின்றுவிட்டேன்.

பச்சைத் தோல் ஏற்றி வந்த இரண்டு மாட்டு வண்டிகள் தெருவில் நின்றிருந்தன. வண்டிக்காரர்கள் இறங்கி, மாட்டின் கழுத்து மணியைக் கையால் பொத்திப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். கீரைக்காரி கூடையைத் தலையிலேயே வைத்துக்கொண்டு சுவரோரம் நின்றிருந்தாள். சைக்கிள்காரர்கள் இறங்கி நின்றார்கள். டீக்கடை பெஞ்சில் ஏழெட்டுப் பேர் கையில் கிளாஸோடு வாய்பேசாமல் உட்கார்ந்திருந்தார்கள். டீக்கடைக்காரர் நடுத்தெருவில், வாயில் விரலை வைத்தபடி, வருகிறவர்களை நிறுத்திக்கொண்டிருந்தார். இவர்களில் பாதிப் பேரிடம் நான் எதுவும் கேட்டதே இல்லை. உள்ளே என்ன நடக்கிறது என்றுகூட அவர்களுக்குத் தெரியாது. நான் சத்தம் வராமல் தலையை ஆட்டி, முடிந்தது என்று சைகை காட்டினேன். கீரைக்காரி கூடையை இறக்கிவிட்டு, "யப்பா, கழுத்து போச்சு" என்றாள். தெரு மொத்தமும் சிரித்தது. நான் அழுதுகொண்டிருந்தேன்.

அந்தப் படத்தின் பிரதி ஒன்று எட்டு மாதம் கழித்து வந்தது. வேலூரிலிருந்து புரொஜெக்டர் இரவல் வாங்கி, ஒரு லீவு நாள் மத்தியானம் கண்ணாடி ஓடுகளைக் கோணியால் மூடி, எங்கள் வீட்டுத் தறியில் நெய்த வெள்ளைத் துணியைத் திரையாகக் கட்டி, அதே கிடங்கில் போட்டோம். தெருவே வந்திருந்தது. வந்தவர்கள் தங்களைத் தேடினார்கள். யாரும் படத்தில் இல்லை. பத்து நிமிடத்துக்கு மேல் வயலினும் வில்லும் விரலும்தான். டீக்கடைக்காரர் என்னிடம் குனிந்து, "நான் ரேடியோ போடாதது தெரியுதா?" என்று கேட்டார். நன்றாகத் தெரிகிறது என்றேன். பாட்டு முடிந்த பிறகு ஓடிய அந்த மிச்சப் பிலிமை கேமராக்காரர் வெட்டவில்லை. அதில் சும்மா வெயிலும் மூட்டைகளும், வாத்தியத்தைப் பிடித்தபடி நிற்கிறவர்களும். எங்கேயோ ஒரு மாட்டு மணி, பொத்திய கையிலிருந்து தப்பி ஒரே ஒரு தடவை ஒலித்தது. பின்னால் உட்கார்ந்திருந்த வண்டிக்காரர் எழுந்து நின்று, "அது என் மாடு!" என்றார். அதற்குத்தான் அன்றைக்கு அதிகக் கைதட்டல்.

படத்தின் முடிவில் வந்த பெயர் வரிசையில் தயாரிப்பாளர் என்று என் பெயர் இருந்தது. தயாரிப்பாளர் என்றால் பணம் போடுகிறவர் என்று நினைத்து என் அப்பா பயந்துபோனார். அவருக்கு விளக்கிச் சொல்ல ஒரு சாயங்காலம் ஆனது. அதைவிட அதிக நேரம் ஆனது என்னைப் பெண் பார்க்க அரக்கோணத்திலிருந்து வந்தவர்களுக்கு. சினிமாவில் இருக்கிறாளாமே என்று யாரோ சொல்லியிருந்தார்கள். மாப்பிள்ளை ரயில்வேயில் கிளார்க். என்னதான் வேலை என்று நேராக என்னிடமே கேட்டார். ஊரில் எல்லோரையும் பேசாமல் இருக்கச் சொல்வது என்றேன். "ஊரே கேக்குதுன்னா நானும் கேட்டுத்தான் ஆவணும்" என்றார். அந்தப் பதில் எனக்குப் பிடித்திருந்தது.

எண்பதுகளில் கேமராக்காரரும் வயலின்காரம்மாவும் இன்னும் மூன்று தடவை வந்தார்கள். மூன்று படங்களையும் ஏற்பாடு செய்தது நான்தான், கடைசிப் படத்தை இடுப்பில் கைக்குழந்தையோடு. ஒவ்வொரு ஊரிலும் தெருத்தெருவாகப் போய்க் கேட்க வேண்டியிருந்தது. கேட்பதற்கு எனக்கு ஒரு நாளும் கூச்சம் வந்ததில்லை. தப்பு செய்தவளாக ஒரு ஊரின் முன்னால் போய் நின்று, அது திருப்பி ஒரு சொல் சொல்லாமல் கொடுத்ததை வாங்கி வந்தவள் நான். அந்தத் தெருவில் நின்றவர்களில் பலரும் இப்போது இல்லை. அவர்களுக்கு நான் முறையாக நன்றி சொன்னதும் இல்லை. அன்றைக்கு அழுததுதான்.

கடைசிப் படத்தைக் கலவை என்ற ஊர்ப் பக்கம் ஒரு பழைய வீட்டின் கூடத்தில் எடுத்தோம். எதிர்வீட்டு அம்மா ஒருத்தி வாசலில் உட்கார்ந்து முறத்தில் கேழ்வரகு புடைத்துக்கொண்டிருந்தாள். போய்க் கொஞ்ச நேரம் நிறுத்தச் சொன்னேன்.

"உள்ள யாருக்காச்சும் ஒடம்பு சரியில்லையா?"

"இல்லம்மா, பாட்டு வாசிக்கப் போறாங்க."

"அப்போ நான் வந்து கேக்கலாமா?"

அதுவரை யாரும் என்னிடம் அப்படிக் கேட்டதில்லை. கேமராக்காரரிடம் சொன்னேன். அவர் நகர்ந்து இடம் விட்டார். அந்த அம்மா முறத்தை வாசலிலேயே வைத்துவிட்டு, புடவையில் கையைத் துடைத்துக்கொண்டு உள்ளே வந்து, தூணில் சாய்ந்து உட்கார்ந்தாள். படத்தின் இடது ஓரத்தில் இன்றைக்கும் அவளைப் பார்க்கலாம். முதலில் வாசிக்கிறவர்களின் கையைப் பார்க்கிறாள், பிறகு கண்ணை மூடிக்கொள்கிறாள். முடிந்ததும் என்னிடம், "நல்லா இருந்துச்சு. சீக்கிரம் முடிச்சிட்டாங்க" என்று சொல்லிவிட்டு எழுந்து போனாள்.